புதிய உறை, பழைய ஆட்டம்: நிண்டெண்டோ ஸ்விட்சில் ஃபிஃபா லெகசி பதிப்புகளின் பின்னணி

2020 அக்டோபரில் ‘ஃபிஃபா 21’ என்ற கால்பந்து வீடியோ கேம் வெளியானபோது, நிண்டெண்டோ ஸ்விட்ச் என்ற கையடக்க விளையாட்டுக் கருவிக்கான பதிப்பை மதிப்பிட்ட ஐஜிஎன் என்ற விளையாட்டு விமர்சனத் தளம், முந்தைய ஆண்டு ‘ஃபிஃபா 20’க்கு எழுதிய விமர்சனத்தையே ஏறக்குறைய அப்படியே மீண்டும் வெளியிட்டு, பத்துக்கு இரண்டு மதிப்பெண் கொடுத்தது. ஆட்டத்தில் எதுவும் மாறாதபோது அதைப் பற்றிப் புதிதாக எழுத என்ன இருக்கிறது என்பதே அந்தச் செயலின் பொருள். அது ஓராண்டு மட்டும் நேர்ந்த குறையும் அன்று. 2019 முதல் 2022 வரை வெளிவந்த நான்கு ஃபிஃபா விளையாட்டுகளும் ஸ்விட்சில் ‘லெகசி எடிஷன்’ என்ற பெயருடன்தான் விற்கப்பட்டன. அவற்றில் வீரர் பட்டியல், சீருடைகள், அணிகள் ஆகியவை புதுப்பிக்கப்பட்டன. புதிய ஆட்ட முறைகளோ, களத்தில் வீரர்கள் ஓடும், உதைக்கும், தடுக்கும் விதத்தில் சொல்லத்தக்க மாற்றமோ இல்லை.

கையடக்கக் கருவியின் வலுக்குறைவே இதற்குக் காரணம் என்ற விளக்கம் அடிக்கடி சொல்லப்படுகிறது. அது பாதி உண்மைதான். ஸ்விட்சுக்கான ஃபிஃபா முதல் நாளிலிருந்தே மற்றக் கருவிகளுக்கான ஃபிஃபாவிலிருந்து பிரிந்த, தனியான நிரல் அடித்தளத்தின்மேல் கட்டப்பட்டது. அந்தத் தனி அடித்தளத்தை வளர்க்கும் வேலையை நிறுத்திய பிறகும், ஆண்டுதோறும் எப்படியும் தயாராகிவந்த பருவத் தரவுகளை அதில் ஏற்றி, புதிய பெயரில் விற்க முடிந்தது. லெகசி பதிப்புகள் அந்த இடைவெளியில் பிறந்தவை. இது எப்படி நடந்தது என்று பார்க்க, ஆண்டுதோறும் வரும் ஒரு கால்பந்து வீடியோ கேமுக்குள் உண்மையில் என்னென்ன இருக்கின்றன என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

அத்தகைய விளையாட்டு ஒவ்வொன்றிலும் இரண்டு அடுக்குகள் உண்டு. முதலாவது ஆட்டத்தை இயக்கும் நிரல்: பந்து எப்படித் துள்ளுகிறது, தடுப்பாளர் எப்போது காலை நீட்டுகிறார், எதிரணியின் கணினி மூளை இடைவெளியைக் கண்டால் என்ன செய்கிறது, மைதானத்தின் புல்லும் ஒளியும் எப்படி வரையப்படுகின்றன என்பவையெல்லாம் இதில் அடங்கும். இரண்டாவது அடுக்கு அந்தப் பருவத்தின் தரவு: எந்த வீரர் எந்த அணியில் இருக்கிறார், அவருடைய வேகத்துக்கும் பாஸ் கொடுக்கும் திறனுக்கும் என்ன எண், எந்த அணி மேல்நிலைக்கு ஏறியது, எது இறங்கியது, இவ்வாண்டுச் சீருடையின் கோடுகள் எந்த நிறம். எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் நிறுவனம், சுருக்கமாக ஈஏ, இந்தத் தரவுகளைத் திரட்ட உலகெங்கும் ஆயிரக்கணக்கான தன்னார்வப் பார்வையாளர்களை நம்பியிருக்கிறது. ஒவ்வொரு வீரருக்கும் பல பத்துத் திறன்களுக்குத் தனித்தனியாக எண் இடப்படுகிறது. இந்த உழைப்பு எல்லாக் கருவிகளுக்கும் பொதுவானது. பிளேஸ்டேஷனுக்காகத் தயாரான பட்டியலையே ஸ்விட்சிலும் ஏற்றிக்கொள்ளலாம்.

முதல் அடுக்கின் கணக்கு வேறு. அதை ஒவ்வொரு கருவிக்கும் தனியாகப் பொருத்தி, சோதித்து, பிழை நீக்க வேண்டும். ஒரே என்ஜினில், அதாவது ஒரே அடிப்படை நிரல் அமைப்பில், இயங்கும் கருவிகளுக்கு இந்தச் செலவு பகிர்ந்துகொள்ளப்படும். என்ஜின் வேறாகிவிட்டால், ஒவ்வொரு புதிய அம்சத்தையும் இரண்டாவது முறை எழுத வேண்டியிருக்கும். எனவே ஓர் ஆண்டு விளையாட்டைச் சிக்கனமாக வெளியிட நினைக்கும் நிறுவனம் முதலில் கைவைப்பது இந்த அடுக்கில்தான்.

லெகசி எடிஷன் என்ற பெயரும் ஸ்விட்சில் தொடங்கியதில்லை. ‘ஃபிஃபா 14’ 2013இல் வெளியானபோதே சோனியின் பிஎஸ்பி, வீட்டா, நிண்டெண்டோவின் 3டிஎஸ், வீ போன்ற கருவிகளுக்கு அந்தப் பெயரில்தான் வந்தது. அடுத்த ஆண்டு ‘ஃபிஃபா 15’இலும் வீ, வீட்டா, 3டிஎஸ் ஆகியவற்றுக்கு அதே நிலை. அதற்கும் முன்பு, ‘ஃபிஃபா 13’இன் வீ பதிப்பு ‘ஃபிஃபா 12’இன் மறுபதிப்பே என்று கடுமையாகக் குறைகூறப்பட்டது. ஆயுள் முடியும் தறுவாயில் இருக்கும் கருவிக்கு, அதை இன்னும் வைத்திருப்பவர்களுக்காக, புதிய பட்டியலுடன் கடைசியாக ஓரிரு பதிப்புகளை விடுவது தொழிலில் வழக்கமாகியிருந்தது. அதில் ஒரு நியாயமும் இருந்தது. 2000இல் சந்தைக்கு வந்த பிளேஸ்டேஷன் 2க்கு 2013இலும் கால்பந்து விளையாட்டு கிடைத்தது என்றால், புதிய கருவி வாங்க இயலாத வீடுகளுக்கு அது உண்மையான உதவி. ஸ்விட்சில் இந்த வழக்கம் தலைகீழானது. உலகச் சந்தையில் வேகமாக விற்றுக்கொண்டிருந்த, நடு வயதைக்கூட எட்டாத ஒரு கருவிக்கு ஓய்வுக்காலப் பதிப்பு கொடுக்கப்பட்டது.

நிண்டெண்டோவுக்கும் ஈஏவுக்கும் இடையிலான முந்தைய அனுபவத்தை இங்கே நினைவில் கொள்ள வேண்டும். 2011இல் ஸ்விட்சுக்கு முந்தைய நிண்டெண்டோ கருவியான வீ யூ அறிவிக்கப்பட்டபோது, அன்றைய ஈஏ தலைவர் ஜான் ரிச்சிடெல்லோ மேடையேறி, இரு நிறுவனங்களுக்கும் இடையே இதுவரை காணாத கூட்டுறவு அமையும் என்று அறிவித்தார். 2012 நவம்பரில் கருவியுடன் ‘ஃபிஃபா 13’ வந்தது. ஆனால் அந்த ஆண்டின் மற்றப் பதிப்புகளில் சேர்க்கப்பட்ட சில புதிய ஆட்ட அம்சங்கள் அதில் இடம்பெறவில்லை. அதன்பின் ஃபிஃபா அந்தக் கருவிக்கு வரவே இல்லை. 2013இல், ஈஏவின் ஃப்ராஸ்ட்பைட் என்ஜினை உருவாக்கும் பொறுப்பிலிருந்த யோஹான் ஆண்டர்சன், அதன் இரண்டாம் தலைமுறையை வீ யூவில் சோதித்துப் பார்த்ததில் முடிவுகள் நம்பிக்கை அளிக்கவில்லை என்றும், அதனால் மூன்றாம் தலைமுறையை அங்கே கொண்டுசெல்லவில்லை என்றும் தெரிவித்தார். அந்த ஒரு தொழில்நுட்ப முடிவின் நிழல் பத்தாண்டுகள் நீண்டது.

ஃப்ராஸ்ட்பைட், ஸ்டாக்ஹோமிலுள்ள டைஸ் என்ற ஈஏ தயாரிப்புக் கூடம் போர்க்கள விளையாட்டுகளுக்காக உருவாக்கிய என்ஜின். ஈஏ அதைத் தன் பெரும்பாலான தயாரிப்புகளுக்கும் பொது என்ஜினாக்கியபோது, கனடாவின் வான்கூவர் கூடத்தில் உருவாகும் ஃபிஃபாவும் 2016இல் ‘ஃபிஃபா 17’ வழியாக அதற்கு மாறியது. அலெக்ஸ் ஹன்டர் என்ற இளம் வீரரின் வாழ்க்கையைச் சொல்லும் ‘தி ஜர்னி’ என்ற கதைப்பகுதி சாத்தியமானது அந்த மாற்றத்தால்தான். உடைமாற்றும் அறையும் பேருந்தும் வீடும் தோன்றும் காட்சிகளைப் பழைய கால்பந்து என்ஜினில் அமைப்பது கடினம். ஃபிஃபாவின் பிரதான வரிசை ஃப்ராஸ்ட்பைட்டில் வேரூன்றிய அடுத்த ஆண்டே, 2017 மார்ச் 3 அன்று, அந்த என்ஜின் இயங்காத ஸ்விட்ச் சந்தைக்கு வந்தது.

அப்போது ஈஏவின் முன் இரண்டு வழிகள் இருந்தன. ஃப்ராஸ்ட்பைட்டையே ஸ்விட்சுக்குக் கொண்டுவருவது ஒன்று. அது பெரும் முதலீடு, வீ யூவில் விரலைச் சுட்டுக்கொண்ட நிறுவனத்துக்கு இன்னும் பெரிய தயக்கம். ஸ்விட்சுக்கென்று தனி ஃபிஃபா செய்வது மற்றொன்று. இரண்டாவதைத் தேர்ந்தார்கள். ருமேனியாவின் புக்கரெஸ்டில் உள்ள ஈஏ கூடம், ஸ்விட்சுக்கென அமைத்த தனி என்ஜினில் ‘ஃபிஃபா 18’ஐ உருவாக்கியது. மற்றப் பதிப்புகளுடன் சேர்ந்து 2017 செப்டம்பர் 29 அன்று அது வெளியானது.

அந்த முதல் பதிப்பைப் பின்னால் வந்தவற்றுடன் சேர்த்து ஒதுக்கிவிடுவது சரியாகாது. ஸ்விட்சின் நான்கு ஜிபி நினைவகம் பிளேஸ்டேஷன் 4இல் இருந்ததில் பாதி. அதன் என்விடியா டெக்ரா எக்ஸ்1 சில்லு, மின்கலத்தில் சில மணி நேரமாவது தாக்குப்பிடிக்க வேண்டும் என்பதற்காக அடக்கிய வேகத்தில் ஓடுவது. அந்த வரம்புக்குள், தொலைக்காட்சியில் இணைத்தால் 1080 வரிகளும், கையில் வைத்தால் திரையின் முழுத் தெளிவான 720 வரிகளும் காட்டி, நொடிக்கு 60 படச் சட்டங்கள் (ஃபிரேம்கள்) என்ற சீரான ஓட்டத்தை அந்தக் குழு கொடுத்தது. கால்பந்து விளையாட்டில் இந்த 60 என்ற எண் அழகுக்கானது மட்டுமன்று. பொத்தானை அழுத்திய கணத்துக்கும் வீரரின் கால் அசையும் கணத்துக்கும் இடையிலான தாமதம் அதைப் பொறுத்தே அமைகிறது. அது பாதியாகக் குறைந்தால் பாஸ் ஒவ்வொன்றும் கனத்துப்போகும். அழகையும் கதைப்பகுதியையும் விட்டுக்கொடுத்து ஓட்டத்தைக் காத்தது சரியான முடிவு என்றே நான் கருதுகிறேன்.

கருவியின் இயல்பை உணர்ந்து செய்த வேலைகளும் அதில் இருந்தன. ஸ்விட்சின் இரு பக்கமும் கழற்றக்கூடிய ஜாய்-கான் கட்டுப்பாடுகளில் ஆளுக்கொன்றை எடுத்துக்கொண்டு, இருவர் ஒரே கருவியில் ஆடலாம். ஒற்றை ஜாய்-கானில் ஒரு குச்சியும் சில பொத்தான்களுமே இருப்பதால் நுணுக்கமான வித்தைகள் பலவற்றை விட்டுவிட வேண்டியிருக்கும். ஆனாலும் ரயிலிலோ மாடிப்படியிலோ உட்கார்ந்து ஒரு முழு ஆட்டம் ஆட முடியும் என்பது வேறெந்த ஃபிஃபாவும் அன்று தராத வசதி. அருகருகே இருக்கும் இரண்டு கருவிகளை இணைத்து, ஒரு தொடராக ஆடும் முறையும் சேர்க்கப்பட்டது. இணையத்தில் நண்பரைப் பெயர் சொல்லி அழைத்து ஆட முடியாதது பெருங்குறை; அடுத்த ஆண்டு ‘ஃபிஃபா 19’இல் அது தீர்க்கப்பட்டது. 2018 ரஷ்ய உலகக் கோப்பையை ஒட்டி மே மாத இறுதியில் இலவசமாக வந்த உலகக் கோப்பைப் பகுதி ஸ்விட்சுக்கும் கிடைத்தது. போட்டி நிறுவனமான கொனாமியிடமிருந்து ஈஏவின் கைக்கு மாறிய சாம்பியன்ஸ் லீக் உரிமமும் ‘ஃபிஃபா 19’ வழியாக ஸ்விட்சுக்கு வந்து சேர்ந்தது. அந்த இரண்டு ஆண்டுகளைப் பார்த்தவர்கள், இந்தப் பதிப்பு தனக்கென்று ஒரு பாதையில் மெல்ல வளரும் என்று எதிர்பார்த்ததில் தவறில்லை.

வளர்ச்சி அங்கேயே நின்றது. ‘ஃபிஃபா 19’தான் பிளேஸ்டேஷன் 3, எக்ஸ்பாக்ஸ் 360 ஆகிய பழைய கருவிகளுக்கு வந்த கடைசிப் பதிப்பு, அவற்றில் அது லெகசி எடிஷன் என்ற பெயரைத் தாங்கியிருந்தது. அந்தக் கருவிகள் விடைபெற்றதும், 2019இல் அதே பெயர் ஸ்விட்சுக்கு நகர்ந்தது. ஒன்று மற்றொன்றுக்குக் காரணம் என்று நான் சொல்லவில்லை. ஆனால் ஃப்ராஸ்ட்பைட்டுக்கு வெளியே இருப்பவை எல்லாம் கடைசி வரிசையைச் சேர்ந்தவை என்ற பார்வை நிறுவனத்துக்குள் உறுதியாகிவிட்டதற்கு இதைவிடத் தெளிவான அடையாளம் வேறு தேவையில்லை. புதிய வளர்ச்சிப் பணிகளோ குறிப்பிடத்தக்க மேம்பாடுகளோ இராது என்பதை ஈஏ தன் அறிவிப்பிலேயே சொல்லிவிட்டது. அந்த வெளிப்படைத்தன்மையை மறைக்காமல் குறிப்பிடுவது நியாயம்.

ஓராண்டு உறைந்திருப்பது பெரிய இழப்பாகத் தெரியாது. நான்கு ஆண்டுகள் உறைந்திருந்தால் இரண்டு விளையாட்டுகளும் ஒரே பெயர் கொண்ட இரண்டு வேறு பொருள்களாகிவிடுகின்றன. ‘ஃபிஃபா 20’இல் மற்றக் கருவிகளுக்குத் தெருக்கால்பந்துப் பகுதியான வோல்டா வந்தது, ஸ்விட்சுக்கு வரவில்லை. ‘ஃபிஃபா 22’இல், உணரிகள் பொருத்திய உடையணிந்த 22 வீரர்கள் ஆடிய முழு ஆட்டத்தின் அசைவுகளைப் பதிவுசெய்து உருவாக்கிய ஹைப்பர்மோஷன் தொழில்நுட்பம் புதிய தலைமுறைக் கருவிகளில் அறிமுகமானது, அதற்கு ஸ்விட்சின் சில்லு போதாது என்பதை யாரும் ஏற்பார்கள், பிளேஸ்டேஷன் 4க்கே அது கிடைக்கவில்லை. ஆனால் ‘ஃபிஃபா 23’இல் இங்கிலாந்து, பிரான்ஸ் மகளிர் லீக் அணிகள் முதன்முறையாகச் சேர்க்கப்பட்டபோதும், கத்தார் உலகக் கோப்பைப் பகுதி இலவசமாக வந்தபோதும் ஸ்விட்ச் வெளியே நிறுத்தப்பட்டது. நான்கு ஆண்டுகளுக்கு முன் அதே கருவியில் ஓர் உலகக் கோப்பை நடந்திருந்தது. எனவே கத்தார் கோப்பை வராததற்குச் சில்லைக் காரணம் காட்ட முடியாது. அதைச் செய்ய ஆள் ஒதுக்கப்படவில்லை என்பதே காரணமாக இருக்க முடியும்.

தரவு அடுக்கு மட்டும் ஒழுங்காக நகர்ந்துகொண்டே இருந்தது. இத்தாலிய அணியான யுவென்டஸின் தனி உரிமையைக் கொனாமி 2019இல் பெற்றதும், ஸ்விட்சின் மாறாத ஆட்டத்திலும் அந்த அணி ‘பியமொன்டே கால்சியோ’ என்ற கற்பனைப் பெயருக்கு மாறியது. உறையில் இருந்த நட்சத்திரமும் மாறினார். முதலில் ஹசார்ட், பின்னர் எம்பாப்பே. பெட்டியைக் கையில் எடுத்துப் பார்க்கும் ஒருவருக்குப் பிளேஸ்டேஷன் பதிப்பிலும் இதிலும் தெரியும் முகம் ஒன்றுதான். லெகசி எடிஷன் என்ற சொற்கள் அதில் அச்சிடப்பட்டிருந்தன என்பது உண்மை. தொடர்ந்து விளையாட்டுச் செய்திகளைப் படிப்பவருக்கு அதன் பொருள் விளங்கும். பிறந்தநாளுக்குப் பரிசு வாங்க வரும் பாட்டிக்கு அது ஏதோ சிறப்புப் பதிப்பு என்று தோன்றவும் வாய்ப்புண்டு.

இந்த ஏற்பாடு ஏன் நிலைத்தது என்பதைப் பணத்தின் பக்கத்திலிருந்து பார்த்தால் இன்னும் துலக்கமாகத் தெரியும். ஃபிஃபாவின் வருமானம் பெட்டி விற்பனையோடு முடிவதில்லை. 2009இல் ‘ஃபிஃபா 09’க்குத் துணைப்பகுதியாக அறிமுகமான அல்டிமேட் டீம், வீரர் அட்டைகள் அடங்கிய பொதிகளைப் பணம் கொடுத்து வாங்கச் செய்து, நிறுவனத்தின் முதன்மை வருவாய் ஊற்றுகளில் ஒன்றாகிவிட்டது. 2021 மார்ச்சில் முடிந்த நிதியாண்டில் ஈஏவின் விளையாட்டுகளிலுள்ள அல்டிமேட் டீம் பகுதிகள் சேர்ந்து 162 கோடி டாலர் ஈட்டின. மொத்த நிகர வருவாயில் அது 29 சதவீதம், அதிலும் பெரும்பங்கு ஃபிஃபாவினுடையது. அந்தப் பணம் பெருமளவில் வரும் இடம், போட்டி மனப்பான்மையுடன் நாள்தோறும் இணையத்தில் ஆடுபவர்கள் கூடும் பிளேஸ்டேஷனும் எக்ஸ்பாக்ஸும் என்று கருதக் காரணம் இருக்கிறது. ஸ்விட்சிலும் அல்டிமேட் டீம் இருந்தது. ஆனால் அதன் வீரர் சந்தை மற்றக் கருவிகளின் சந்தையோடு இணைக்கப்படவில்லை. ஆடுவோர் குறைந்த சந்தையில் அட்டைகள் குறைவாகக் கைமாறும், எதிராளி கிடைக்க நேரமாகும், அதனால் மேலும் சிலர் விலகுவார்கள். புதிய அம்சம் சேர்க்கச் செலவிடும் ஒவ்வொரு டாலரும் எங்கே அதிகம் திருப்பித் தரும் என்று கணக்கிடும் நிறுவனத்துக்கு விடை கடினமாக இருந்திராது.

மறுபக்கம், ஸ்விட்சை முற்றாகக் கைவிடவும் மனம் வரவில்லை. 2020ஆம் ஆண்டு முடிவில் அந்தக் கருவி ஏறத்தாழ 8 கோடி விற்றிருந்தது. கால்பந்து என்றால் ஃபிஃபா என்று மட்டுமே அறிந்த குடும்பங்கள் அவற்றில் ஏராளம். அணிகளுடனும் லீக்குகளுடனும் செய்துகொண்ட உரிம ஒப்பந்தங்கள் இருக்கின்றன, தரவு தயாராக இருக்கிறது, நிரல் ஏற்கெனவே எழுதி முடிக்கப்பட்டது. போட்டிக்கும் ஆளில்லை: கொனாமியின் ப்ரோ எவல்யூஷன் சாக்கர் வரிசை ஸ்விட்சுக்கு வரவே இல்லை. இப்படிப்பட்ட நிலையில், குறைந்த செலவில் வெளியிடும் ஒரு பதிப்பு எவ்வளவு விற்றாலும் அது லாபமே.

வன்பொருளே தடை என்ற வாதத்தை மறுக்க அதே கருவியில் இரண்டு சான்றுகள் உண்டு. முதலாவது, 2கே நிறுவனத்தின் கூடைப்பந்து வரிசை. ‘என்பிஏ 2கே18’ 2017இலேயே ஸ்விட்சுக்கு வந்தது. மற்றக் கருவிகளின் விளையாட்டைச் சுருக்காமல் கொண்டுவந்து, அதற்கு விலையாக நொடிக்கு 30 சட்டங்கள் என்ற தணிந்த ஓட்டத்தை ஏற்றுக்கொண்டார்கள். அதன் கோப்பின் பருமன் கருவியின் சேமிப்பிடத்தை விழுங்கியது, காட்சிகள் ஏற நேரம் பிடித்தது. ஆனாலும் ஒவ்வொரு ஆண்டும் அந்த ஆண்டின் விளையாட்டுதான் வந்தது. இரண்டாவது சான்று ஈஏவின் வீட்டிலேயே இருக்கிறது. 2021 மார்ச்சில் ‘பிளான்ட்ஸ் வெர்சஸ் ஸாம்பீஸ்: பேட்டில் ஃபார் நெய்பர்வில்’ ஸ்விட்சில் வெளியானபோது, ஃப்ராஸ்ட்பைட் அந்தக் கருவியில் முதன்முறையாக இயங்கியது. அதற்குப் பின்னும் இரண்டு ஃபிஃபாக்கள் பழைய அடித்தளத்திலேயே வந்தன. விளையாட்டு ஒன்றை மாற்றி அமைக்க ஆண்டுக்கணக்கில் ஆகும் என்பதால் அந்த இரண்டு ஆண்டுகளுக்கு ஒரு நியாயம் சொல்ல முடியும். 2017இலிருந்து எண்ணினால் அந்த நியாயம் தேய்ந்துவிடுகிறது.

பட்டியல் மட்டும் புதுப்பிக்கப்பட்ட விளையாட்டை விற்பதே குற்றம் என்று நான் நினைக்கவில்லை. அதை எந்தப் பெயரில், எந்த விலையில் விற்கிறார்கள் என்பதில்தான் கேள்வி எழுகிறது. கொனாமி 2020இல் இதே நெருக்கடியை வேறு விதமாகக் கையாண்டது. அடுத்த தலைமுறைக் கருவிகளுக்கான என்ஜினில் குழு முழுதும் மூழ்கியிருந்ததால், ‘ஈஃபுட்பால் பெஸ் 2021’ என்பது முந்தைய ஆண்டு விளையாட்டின் பருவப் புதுப்பிப்பு மட்டுமே என்று அறிவித்து, ‘சீசன் அப்டேட்’ என்ற சொற்களைப் பெயரிலேயே சேர்த்து, அமெரிக்காவில் 29.99 டாலருக்கு விற்றது. அதே மாதங்களில் ‘ஃபிஃபா 21’ லெகசி பதிப்பின் விலை அங்கே 49.99 டாலர், முழு விளையாட்டின் 59.99 டாலரிலிருந்து அது பத்து டாலர்தான் குறைவு. அடுத்த இரண்டு ஆண்டுகளில் ஈஏ அதை 39.99 டாலராக இறக்கியது. விமர்சனங்கள் சற்றேனும் எட்டியதன் அடையாளமாக அதைக் கொள்ளலாம் என்று நம்ப விரும்புகிறேன்.

பருவத்தின் நடுவில் வீரர் ஒருவர் அணி மாறினால், அந்த மாற்றம் இணையம் வழியாக இலவசமாகவே விளையாட்டுக்குள் வந்துவிடுகிறது. பட்டியலைப் புதுப்பிக்கும் குழாய் ஏற்கெனவே பதிக்கப்பட்டிருக்கிறது. பருவம் முடிந்ததும் அது மூடப்பட்டு, அடுத்த பருவத்தின் பட்டியல் தனிப் பெட்டியில் வைத்து விற்கப்படுகிறது. புதிய சீருடை வரைவுகளுக்கும், தகுதி உயர்ந்த அணிகளைச் சேர்ப்பதற்கும், உரிமத் தொகைக்கும் செலவு உண்டு என்பதால், அதை முழுவதும் இலவசமாகக் கொடுக்க வேண்டும் என்று கேட்பது மிகையாகும். ஏற்கெனவே ‘ஃபிஃபா 20’ஐ வாங்கியவருக்குச் சிறு கட்டணத்தில் அடுத்த பருவத்தைச் சேர்த்துக்கொள்ளும் வழியைத் தந்திருக்கலாம். அப்படி ஒரு வழி நான்கு ஆண்டுகளில் ஒருமுறைகூட வைக்கப்படவில்லை. முழு விளையாட்டையும் மறுபடி வாங்க வேண்டும். அல்டிமேட் டீமில் திரட்டிய வீரர்களைப் பழைய பதிப்பிலேயே விட்டுவிட வேண்டும். இந்த வழக்கத்தில் என்னை மிகவும் வருத்துவது இதுதான், ஏனெனில் ஸ்விட்சைக் கையில் வைத்திருப்பவர்களில் பலர் சிறுவர்கள். அந்த வீட்டில் வேறு கருவி இராது, அவர்கள் அறிந்த ஃபிஃபா அது ஒன்றே.

2022 மே மாதத்தில் ஈஏவுக்கும் சர்வதேசக் கால்பந்துச் சங்கமான ஃபிஃபாவுக்கும் இடையே 1993 முதல் நீடித்த பெயர் உறவு முடிவுக்கு வரும் என்று அறிவிக்கப்பட்டது. இனி அந்த விளையாட்டு ‘ஈஏ ஸ்போர்ட்ஸ் எஃப்சி’ என்று அறியப்படும் என்றார்கள். உலகறிந்த பெயரை இழந்து புதிய பெயரை நிலைநாட்ட வேண்டிய தருணத்தில், ஒரு பெரும் கருவியில் அந்தப் புதிய பெயருக்கு மேல் லெகசி என்ற முத்திரை குத்தி அறிமுகப்படுத்துவது தன் தலையில் தானே மண்ணை அள்ளிப் போடுவதாக இருந்திருக்கும். காரணம் எதுவாயினும், 2023 செப்டம்பர் 29 அன்று வெளியான ‘ஈஏ ஸ்போர்ட்ஸ் எஃப்சி 24’ ஸ்விட்சிலும் ஃப்ராஸ்ட்பைட்டில் இயங்கியது. முத்திரை அகன்றது, விலையும் முழு விலையான 59.99 டாலருக்குத் திரும்பியது. முந்தைய லெகசி பதிப்புகள் உள்ளிட்ட பழைய ஃபிஃபா விளையாட்டுகள் அதே காலத்தில் டிஜிட்டல் கடைகளிலிருந்து விலக்கப்பட்டதால், அவற்றை இன்று தேடுபவருக்குப் பழைய கார்ட்ரிட்ஜ்களே துணை.

என்ஜின் ஒன்றானதும் அடிப்படைச் சிக்கல் தீர்ந்தது. மற்றக் கருவிகளுக்குச் செய்யும் வேலையில் ஒரு பகுதியாவது இனி இயல்பாகவே ஸ்விட்சுக்கும் வந்து சேரும். ஆனால் எல்லா இடைவெளியும் அடைபடவில்லை. ஹைப்பர்மோஷன் அசைவுகள் அதில் இல்லை. வெவ்வேறு கருவிகளில் இருப்பவர்கள் ஒருவரோடொருவர் ஆடும் வசதி மற்றக் கருவிகளுக்குக் கிடைத்தபோதும் ஸ்விட்ச் தனித்தே நின்றது. அதனால் அல்டிமேட் டீமின் சிறிய சந்தை சிறியதாகவே தொடர்ந்தது. முழு விலை கேட்கும் ஒரு பதிப்பு இதில் பின்தங்கியிருப்பதை நான் லெகசி காலத்தின் மிச்சமாகவே பார்க்கிறேன்.

2025 ஜூன் 5 அன்று ஸ்விட்ச் 2 வெளியானது. ‘எஃப்சி 26’ செப்டம்பரில் இரண்டு தலைமுறைகளுக்கும் வந்தது. முதல் ஸ்விட்சுக்கு ஒருமுறைகூட வராத அமெரிக்கக் கால்பந்து வரிசையான மேடன், அதே ஆண்டில் இரண்டாவது ஸ்விட்சுக்கு வந்து சேர்ந்தது. கருவி பிறந்த முதல் ஆண்டிலேயே பொது என்ஜினில் இயங்கும் விளையாட்டு கிடைத்திருப்பது 2017இல் வாய்க்காத நல்ல தொடக்கம். இப்போது கவனிக்க வேண்டியது பழைய ஸ்விட்சை. 15 கோடிக்கும் மேல் விற்ற அந்தக் கருவி இன்னும் பல ஆண்டுகள் வீடுகளில் இருக்கும்; அதற்கான கால்பந்துப் பதிப்பு ஏதோ ஓர் ஆண்டில் மறுபடி உறையப்போகிறது, இம்முறை வயது முதிர்ந்த கருவிக்கு உரிய நியாயத்துடன். அந்த ஆண்டில் ஈஏ அதைக் கொனாமி செய்ததுபோல் பருவப் புதுப்பிப்பு என்று பெட்டியின்மேல் எழுதி, ஏற்கெனவே வைத்திருப்பவருக்குக் குறைந்த விலையில் கொடுக்குமா, அல்லது புதிய எண்ணும் புதிய முகமும் ஒட்டிப் பழைய முறையிலேயே விற்குமா என்பதை அந்த ஆண்டின் விலைப்பட்டியலிலிருந்தே வாங்குபவர்கள் தெரிந்துகொள்ள முடியும்.